ஆரோ போட்ட வோட்டு

தேர்தலன்று காலை சிட்னியின் பிளாக்டவுனில் பள்ளிக்கூட வாசல் வரை வரிசை நீண்டிருந்தது. எனக்கு முன்னால் ஒரு தாயும் மகளும். மகள் கொட்டாவி விட்டாள்.

"ஏனம்மா இவ்வளவு வெள்ளண? பின்னேரம் ஆறு மணி மட்டும் போடலாம்."

"சூடு கண்ட பூனையடி நான். ஊரில குளிச்சு, சீலை உடுத்திப் போக முந்தி, என்ர வோட்டை ஆரோ போட்டிட்டுப் போயிட்டினம்."

கொட்டாவி பாதியில் நின்றது. "வாட்? நீங்கள் சண்டை பிடிக்கேல்லையோ?"

"பிடிச்சனான். 'அதுதான் போட்டாச்சே, இனி ஏன் மினக்கெடுறியள்' எண்டு அனுப்பிவிட்டினம்."

"இஞ்ச போடாட்டித்தான் ஃபைன்."

"ஓம், எனக்குப் பிடிச்ச தண்டம் அதுதான். சிட்டிசன்ஷிப் கிடைச்சு இதுதான் முதல் வோட்டு. இதை ஒருத்தருக்கும் விடமாட்டன்."

உள்ளே மேசையில் இருந்த பெண் தாயின் பெயரைச் சரிபார்த்துவிட்டு, எல்லாரிடமும் கேட்கிற கேள்வியை ஆங்கிலத்தில் கேட்டார்: இந்தத் தேர்தலில் ஏற்கெனவே வாக்களித்துவிட்டீர்களா?

தாய் மகளின் கையைப் பிடித்துக்கொண்டார். "பாத்தியே! இஞ்சயும் ஆரோ போட்டிட்டாங்கள்!"

"ஐயோ அம்மா, அது எல்லாரிட்டயும் கேக்கிறது. நோ எண்டு சொல்லுங்கோ."

"நோ!"

மண்டபமே திரும்பிப் பார்த்தது. வாக்குச்சீட்டைக் கையில் கொடுத்தார்கள். தாய் வேட்பாளர்களின் பெயர்களுக்கு எதிரே நிதானமாக விருப்ப வரிசை எண்களை இட்டு, மடித்து, பெட்டிக்குள் விட்டார்.

"சரி, வாங்கோ. வெளியில சொசேஜ் சுடுகினம், வாங்குவம்."

"நீ போய் வாங்கு" என்று தாய் பெட்டிக்குப் பக்கத்திலேயே நின்றுகொண்டார். "ஆறு மணிக்கு வோட்டு முடியுமட்டும் நான் இஞ்சதான். வரேக்க எனக்கு ஒரு தேத்தண்ணி கொண்டு வா."