சாய்மானம் இல்லாத பெஞ்சு

...சாய்மானம், தம்பி. ஒரே ஒரு பலகை. முதுகுக்குப் பின்னாடி ஒரு பலகை வைங்கடான்னு ஒன்பது வருஷமா கேக்கறேன். சோபாவா கேட்டேன்? நாலு மணி நேரம் இந்த டிவி ஸ்டுடியோ மரப் பெஞ்சுல நிமிந்து உக்காந்து, சிரின்னா சிரிச்சு, தட்டுன்னா தட்டி... பின்னாடி பாரு, மதாம் ஒதேத். இடுப்புல எலும்புக்குப் பதிலா இரும்பு. அந்தம்மா சாயணும்னா பின் வரிசைக்காரர் முழங்கால்லதான் சாயணும். அவரும் ஒண்ணும் சொல்றதில்ல. என்ன ஒதேத், நான் சொல்றது சரிதானே?... சிரிக்குது பாரு.

நகந்து நல்லா உக்காரு. அட! உனக்கு மட்டும் மெத்தை போட்டிருக்காங்களே! யாரு, அந்த இடம் காட்டற பொண்ணு கோராலியா? ஒன்பது வருஷத்துல எனக்கு ஒரு புன்சிரிப்புகூடக் காட்டுனதில்ல அவ. உனக்குத் தண்ணி பாட்டில் வேற! சரி சரி... இடுப்புல அது என்ன, டப்பா மாதிரி? ஒயர் சட்டைக்குள்ள போகுதே... ஓ. சர்க்கரையா? சொல்லாத, சொல்ல வேணாம். என் மச்சானுக்கும் இதே மாதிரி இன்சுலின் மெஷின் கட்டிவிட்டிருக்காங்க. இந்த வயசுலயா, பாவம். அதான் கோராலிக்கு மனசு இளகிடுச்சு. பரவால்ல, அவகிட்டயும் நல்லது இருக்கு.

என் பேரு அஷீல். க்ரேய்ங்கற சின்ன ஊர்லேர்ந்து பஸ்ல வர்ற கூட்டம். வாஷிங் மெஷின் கம்பெனியில முப்பத்தோரு வருஷம் தொழிற்சங்கப் பிரதிநிதி. பதினாலு வயசுல பள்ளிக்கூடத்தை விட்டேன், தம்பி. என் படிப்பெல்லாம் கம்பெனி வாசல்ல குடுத்த துண்டுப் பிரசுரம்தான். காதல் கடுதாசி எழுதறப்பவே கீழ 'கோரிக்கைகள்'னு போட்டு வரிசையா எழுதுனவன் நான். அவ ஒத்துக்கிட்டா. மூணாவது கோரிக்கையைத் தவிர.

நீன்னு பேசறேன்னு கோச்சுக்காத. சங்கத்துல எல்லாரும் நீதான்.

இந்தா, இந்த நோட்டீஸைப் பிடி. மறை, மறை! திபோ பாத்துடப் போறான். அதோ அட்டையைத் தூக்கிக்கிட்டு அலையறானே, அவன்தான் திபோ. 'கைதட்டு'ன்னு ஒரு அட்டை, 'மௌனம்'னு ஒரு அட்டை. அவன் தொழிலே அதான். மூணு பஸ்லயும் ஏறி நூத்தி நாப்பது பேருக்கும் குடுத்துட்டேன், உனக்குத்தான் பாக்கி. அப்புறமா படி. சுருக்கமா சொல்றேன்: இன்னிக்கு சோலென் கெர்வெல்லாவைப் படகுல ஏத்தி அனுப்பறானுங்க. நாம விடப் போறதில்ல.

உனக்குத் தெரியாததா? 'கடைசிப் படகு' நிகழ்ச்சி பாக்காதவன் எவன் இருக்கான்? பன்னெண்டு பேரைக் கொண்டுபோய்க் கலங்கரை விளக்கத்துல பூட்டி வைக்கிறது, வாரம் ஒருத்தரை வெளியேத்தறது. வெளியேறுனவன் இங்க வந்து மேடையில அந்தப் படகுல ஏறி உக்காரணும். கயிறு கட்டித் திரைக்குப் பின்னாடி இழுத்துடுவானுங்க. இன்னிக்கு நிகழ்ச்சியை நடத்துற சோலெனையே இழுக்கப் போறானுங்க. நேரடி ஒளிபரப்புல! அவ சிரிச்சுக்கிட்டே கைய ஆட்டணுமாம். அடுத்த சீசனுக்குப் போன்ல வீடியோ போட்டுப் பேர் வாங்குன எவனோ ஒருத்தன் வர்றானாம். யாருன்னு கடைசி நிமிஷத்துலதான் காட்டுவானுங்களாம். நான் போன்ல வீடியோ பாக்கறதில்ல. எனக்கு எவனா இருந்தா என்ன? வேலையைப் பறிக்க வர்றவனுக்கு எங்க ஊர்ல ஒரே பேருதான்: கருங்காலி.

என்ன, வேர்க்குது உனக்கு? தண்ணி குடி. சர்க்கரை இறங்கியிருக்கும். அந்த முன் வரிசைப் பொண்ணுங்க ஏன் உன்னையே திரும்பித் திரும்பிப் பாக்குதுங்க? அழகன்தான், போ.

சோலெனைப் பத்திச் சொல்றேன் கேளு. இவளை எனக்குப் பிடிக்கவே பிடிக்காது. ரென் நகரத்து உள்ளூர் டிவியில மழை வருதா வரலையான்னு சொல்லிக்கிட்டிருந்தவ. அந்தப் பிரெத்தாங் பக்கம் எப்பவும் மழைதான், அதுக்கு எதுக்கு டிவி? ஜன்னலைத் திறந்தா தெரியும், வருது. அங்கிருந்து காலையில மோதிரம் விக்கிற நிகழ்ச்சி. அப்புறம் பாட்டுப் போட்டி, அதுல இவளுக்கு மேடைகூடக் கிடையாது. நடைபாதையில நின்னுக்கிட்டு, தோத்துட்டு அழுதுக்கிட்டு வர்ற பிள்ளைங்ககிட்ட 'எப்படி இருக்கு?'ன்னு கேக்கற வேலை. எப்படி இருக்குமாம்!

அப்புறம்தான் சொந்தமா ஒரு நிகழ்ச்சி குடுத்தானுங்க. மாமியாரை மாத்திக்கிற நிகழ்ச்சி. நிஜமாத்தான்! உன் மாமியார் பதினஞ்சு நாள் என் வீட்டுல, என் மாமியார் உன் வீட்டுல. சண்டை வரும், ஜனம் ரசிக்கும்னு பாத்தானுங்க. என்ன ஆச்சு? மாமியாருங்க போன இடத்துல சந்தோஷமா உக்காந்துடுச்சுங்க, திரும்பி வரமாட்டேன்னுடுச்சுங்க! டிஜோன்ல ஒரு அம்மா இன்னும் அங்கயேதான் இருக்காம். பதினோரு வாரத்துல மூடிட்டானுங்க.

அதுக்கப்புறம்தான் 'கடைசிப் படகு'. முதல் சீசன்ல ஈ ஓட்டுனாங்க. நான் சும்மா சொல்லல, இந்த பெஞ்சுல உக்காந்து பாத்தவன். கம்பெனியை மூடுன வருஷம் அது. வீட்டுல சுவத்தைப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கறதுக்கு, பஸ்ல கூட்டிட்டுப் போறான், ஹாம் வச்ச ரொட்டி குடுக்கறான், நாலு மனுஷங்களைப் பாக்கலாம்னு வந்தேன். வந்து உக்காந்தா... முதுகு! முதல் நாளே கோரிக்கை எழுதிட்டேன். சாய்மானம் ஒண்ணு, சூப் ஒண்ணு, நடுவுல கழிப்பறைக்குப் பத்து நிமிஷம் ஒண்ணு. எவனும் கண்டுக்கல.

நான் யாரு? ஆறாவது வாரம் வேலைநிறுத்தம்!

சிரிக்காத. கைதட்டறதும் வேலைதான். நாங்க தட்டலைன்னா அவனுக்கு நிகழ்ச்சி உண்டா? 'இன்னிக்கு யாரும் வாயத் திறக்காதீங்க, கையத் தட்டாதீங்க, பொம்மை மாதிரி உக்காருங்க'ன்னேன். ஒரு ஆளு மீறல, தம்பி! அவ வந்து நிக்கிறா, 'படகு காத்திருக்கு'ங்கறா, பேரைச் சொல்லப் போறா, வழக்கமா நாங்க ஓன்னு கத்தணும். கத்தல. ஒரு இருமல்கூட இல்ல. திபோ அட்டையை ஆட்டு ஆட்டுன்னு ஆட்டறான், அழுதுடுவான் போல இருக்கு. அவ திகைச்சு நிக்கிறா. நான் நினைச்சேன், தொலைஞ்சா, இதோட இவ கதை முடிஞ்சுதுன்னு.

அவ என்ன பண்ணா தெரியுமா? எங்களைப் பாத்தா. காமிராவைப் பாத்தா. அவளும் பேசல. இருபத்திரெண்டு விநாடி! அப்புறம் மெதுவா அந்தப் பேரைச் சொன்னா... எனக்கே முடி சிலுத்துக்கிச்சு.

மறுநாள் நாடே அந்த மௌனத்தைப் பத்திதான் பேசுச்சு. 'சோலெனின் மௌனம்'னு பத்திரிகையில போட்டான். சோலெனின் மௌனமாம்! அது என் வேலைநிறுத்தம்டா! அடுத்த வாரம் பாத்தா திபோ கையில புதுசா ஒரு அட்டை: 'மௌனம்'. அன்னிலேர்ந்து ஒன்பது வருஷமா அட்டையைக் காட்டி எங்களை வேலைநிறுத்தம் செய்யச் சொல்றானுங்க, தம்பி! என் போராட்டத்தை எடுத்து எனக்கே வேலையாக் குடுத்துட்டானுங்க! அவ பேரு ஏறுச்சு, படம் போட்ட சாக்லேட்கூட வந்துச்சு. சாய்மானம் வரல.

வயிறு எரிஞ்சுது. எழுதுனேன். சேனலுக்கு, நிர்வாகத்துக்கு, நாப்பத்தாறு கடுதாசி. 'இந்தப் பொம்பளையைத் தூக்குங்க, முகம் அலுத்துப்போச்சு, ஜனங்க மாற்றம் கேக்கறாங்க.' ஒண்ணுக்கும் பதில் கிடையாது. ஊர்ல மத்தவங்க பேரையும் போட்டு அனுப்புனேன். ஒதேத் பேர்லகூட அஞ்சு... சத்தமாப் பேசாத, அந்தம்மாவுக்குத் தெரியாது.

இந்த வசந்தத்துல ஒரு நாள், ஒத்திகை இடைவேளை. எல்லாரும் ரொட்டி வாங்கப் போயிட்டாங்க. நான் மட்டும் இங்கயே. அவ படியேறி வர்றா. அந்த உசரக் குதிகால் செருப்போட. வந்து இதோ, நீ உக்காந்திருக்கற இடத்துல உக்காந்தா. செருப்பைக் கழட்டிப் போட்டா. பாதம் பூரா வெடிப்பு, பிளாஸ்திரி. 'முசியு அஷீல், அன்னிக்கு ஆறாவது வாரம் நீங்கதானே?'ங்கறா. ஆமான்னு தலையாட்டுனேன். 'நல்ல வேலைநிறுத்தம்'ங்கறா. அப்புறம் சொல்றா... 'வருஷா வருஷம் ஒப்பந்தம் புதுப்பிக்கறப்ப நான் ஒரு வரி எழுதறேன், பார்வையாளர் பெஞ்சுக்குச் சாய்மானம் வேணும்னு. வருஷா வருஷம் அடிச்சுடறாங்க.'

ஒன்பது வருஷம், தம்பி. அவ உள்ளேர்ந்து கேட்டிருக்கா, நான் வெளியேர்ந்து அவளையே திட்டியிருக்கேன்.

அடுத்த வாரம் சேனல்லேர்ந்து எனக்குக் கடுதாசி வருது. முதல் கடுதாசி! 'உங்களைப் போன்ற விசுவாசமான நேயர்களின் கருத்துக்கு மதிப்பளித்து, நிகழ்ச்சியின் முகத்தை மாற்ற முடிவு செய்துள்ளோம்.' பாக்கெட்லதான் இருக்கு. நான்தான் அவளை அனுப்பறேன், புரியுதா? ஏத்திவிட்டதும் நான், இறக்கிவிட்டதும் நான். ரெண்டும் நான் நினைச்சதுக்கு நேர் எதிரா.

அதனாலதான் இன்னிக்கு. கேட்டுக்கோ, ஆரம்பிச்சுட்டான், மெதுவாச் சொல்றேன். அவ 'படகு காத்திருக்கு'ம்பா. திபோ மௌன அட்டையைத் தூக்குவான். நான் தொப்பியைக் கழட்டுவேன். கழட்டுனதும் எல்லாரும் காலடிப் பலகையை ஓங்கி மிதிக்கணும். இந்தப் பலகைக்கு அடியில ஒண்ணும் கிடையாது, வெறும் காலி. நூத்தி நாப்பது பேர் மிதிச்சா இடி மாதிரி கேக்கும். அவளை அனுப்பலைன்னு சொல்ற வரைக்கும் நிறுத்தக் கூடாது. நீ மெஷினைப் பிடிச்சுக்கிட்டு ஒத்தக் காலால மிதி போதும்.

இதோ வந்துட்டா. மெலிஞ்சிருக்கா பாரு... ஒரு காலைப் படகுல வைக்கிறா... சொல்லு, சொல்லு... 'படகு காத்திருக்கு.' அட்டை ஏறிடுச்சு! தயாரா தம்பி? தொப்பிய...

என்ன வெளிச்சம் இது? ஏன் நம்ம மேல அடிக்கிறான்? மாட்டிக்கிட்டோமா? நோட்டீஸை மறை! எங்க எந்திரிக்கிற? உக்காரு! உடம்புக்கு என்ன... ஏய்... அந்த டப்பாவுலேர்ந்து உன் குரல் அரங்கம் பூரா கேக்குதே...

அது மைக்கா? சர்க்கரை மெஷின் இல்லியா?

ஐயோ. ஐயோ அஷீல். அவ இடத்துக்கு வர்றவன் இவன்தான்! இவன்கிட்டயா! மூச்சு விடாம முக்கால் மணி நேரம் இவன்கிட்டயா சொன்ன!

இறங்கிப் போறான் பாரு, ஒதேத். கையில என் நோட்டீஸ். விரிக்கிறான்... படிக்கிறான்! சிரிச்சுக்கிட்டே படிக்கிறான். 'பார்வையாளர் பெஞ்சுக்குச் சாய்மானம்'... அது ரெண்டாவது கோரிக்கைடா! முதல் கோரிக்கை என்ன ஆச்சு? 'சோலென் போகக் கூடாது'ன்னு கொட்டை எழுத்துல போட்டிருக்கேனே! அதை மடிச்சுப் பிடிச்சிருக்கான்... என்ன சொல்றான்? 'என் முதல் பரிசு, அடுத்த சீசன் முதல் நாளே சாய்மானம்'ங்கறானா? திபோ கைதட்டு அட்டையைத் தூக்கிட்டான். தட்டறாங்க. எல்லாரும் தட்டறாங்க... மறுபடியும் நிகழ்ச்சியாக்கிட்டானுங்க!

ஒன்பது வருஷம் கேட்ட பலகை. கையில குடுக்கறான். வாங்கிக்கிட்டு வீட்டுக்குப் போயிடலாம். யாரு என்னைக் கேக்கப் போறா? தட்டறவங்களுக்கும்தான் வலிக்குது முதுகு, எனக்கு மட்டுமா?

அவ இங்கதான் பாக்கறா. படகுல உக்காரல இன்னும். செருப்பைக் கழட்டிட்டா. அன்னிக்கு மாதிரி பேசாம நிக்கிறா... கைதட்டு ஓயட்டும்னு நிக்கிறா. கயிறை இழுக்கறானுங்க, படகு ஆடுது. எல்லாரும் என் தொப்பியைத்தான் பாக்கறாங்க.

ஒதேத், மன்னிச்சுக்கோ. உன் இடுப்புக்கு இன்னும் கொஞ்ச நாள் ஆகும்... இல்ல, அந்தக் கடுதாசி விஷயம் அப்புறம் சொல்றேன்...

இந்தா, கழட்டிட்டேன்.

என்ன, ஒருத்தரும்... யாரு அது? யாரு மிதிக்கறது? ஒதேத்! இரும்பு இடுப்போட மிதிக்குது! மிதி ஒதேத்! மிதிங்க எல்லாரும்! மேடையில அவளும் வெறுங்காலால... அட, திபோ அட்டையைக் கீழ போட்டுட்டான்!

கேக்குதா, தம்பி? உன்னைத்தான், கீழ நிக்கிறியே! சாய்ஞ்சு உக்காந்திருந்தா இந்தச் சத்தம் வருமாடா?