கூப்பிட்டால் வரும் மூச்சு

வாடகைக்கு வருகிறவர்கள் விளக்கை அணைக்கவே மாட்டார்கள், சார். அதற்காகத்தான் பிள்ளையார்பாளையத்தில் என் மாடி வீட்டுக்கு எல்லாமே என் போனில் நடக்கிற மாதிரி செய்துவைத்தேன். கரண்ட், கதவுப் பூட்டு, கூடத்தில் ஒரு கேமரா. பூட்டும் கேமராவும் பாட்டரியில் ஓடும். சத்தியமாக வேறு கெட்ட எண்ணம் இல்லை.

கொரோனா இரண்டாவது அலையில் படுக்கை கிடைக்காமல் ஜனங்கள் ஆட்டோவிலேயே செத்தார்கள். பயத்தில் எனக்குச் சோறு இறங்கவில்லை. கைக்காசு போட்டு ஆக்சிஜன் மிஷின் வாங்கி, இல்லாதவர்களுக்கு இலவசமாகக் கொடுத்தேன். ஊரே கும்பிட்டது. மாடியில் குடியிருந்த நெசவாளி சத்யராஜுக்கு மூச்சு முட்டியபோதும் நான்தான் கொடுத்தேன். நோய் தெருவுக்கு இறங்கிவிடக் கூடாதே என்று வெளிக்கதவைப் போனிலேயே பூட்டினேன். சாப்பாடெல்லாம் ஜன்னல் வழியாகப் போனது.

முதல் நாள் அவன் மனைவி ரேவதி அழுது கும்பிட்டாள். அப்புறம் பேச்சே இல்லை. ஆற்றைக் கடக்கும்வரைதான் அண்ணன் தம்பி என்பார்கள். மனசு கசந்துபோனது. ஒரு மத்தியானம் கரண்டை நிறுத்திப் பார்த்தேன். உடனே போன் வந்தது.

“அண்ணா, மிஷின் நின்னுடுச்சிண்ணா. அவருக்கு உதடெல்லாம் நீலமாவுது. நீங்கதாண்ணா காப்பாத்தணும்.”

“தெருவுக்கே கரண்ட் இல்லம்மா. நான் பேசிப் பாக்கறேன்” என்றேன்.

ஊரடங்கில் நூல் வராமல் தறியும் நூல் சுற்றுகிற மோட்டாரும் நின்று கிடந்தன. தெருவில் சத்தமே இல்லாதபோது அவளுக்கு எப்படித் தெரியும்? போட்டுவிட்டதும் தெய்வம் என்றாள். அதற்குப் பிறகு அடிக்கடி நிறுத்தினேன். கொஞ்ச நேரம்தான், சார். கேமராவில் பார்த்துக்கொண்டேதான் இருப்பேன்.

எதிர்வீட்டுக்கு நூல் வந்திருந்ததை நான் கவனிக்கவில்லை. அன்று நிறுத்தியதும் போனைக் கையில் எடுத்தவள், அப்படியே ஜன்னல் பக்கம் திரும்பினாள். எதிரே நூலைத் தார் சுற்றுகிற கரண்ட் மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. நெசவு வீட்டுப் பெண்ணுக்கு அந்தச் சத்தம் தெரியாதா? கேமராவுக்கு நேரே வந்து நின்றாள்.

“அங்க மோட்டாரு ஓடுது. எங்களுக்கு மட்டும் கரண்ட் இல்லியா? நீதானே நிறுத்திக்கினு இருக்கே?”

இவள் வெளியே வந்து சொன்னால் என் பெயர் என்ன ஆகும்? கதவை உதைத்தாள், கத்தினாள். நோய் வீடு என்று ஒருவரும் கிட்டே போகவில்லை. அண்ணா என்று ஒரு தரம் கூப்பிட்டிருந்தால் போட்டிருப்பேன். அவள் கூப்பிடவில்லை. அவள் போன் போட்டு, ஐயம்பேட்டையிலிருந்து சொந்தக்காரர்கள் வந்து கதவை உடைப்பதற்குள் சத்யராஜ் அடங்கிவிட்டான். நான்தான் நிறுத்தினேன். போடாமல் இருந்ததும் நான்தான்.

துக்கத்தில் உளறுகிறாள் என்றுதான் தெருவே சொன்னது. நீங்கள் ஒருவர்தான் அவள் பேச்சைக் கேட்டு இன்றைக்கு என் வீட்டுக்கு வந்தீர்கள்.

மிஷின் சும்மா கிடந்தால் பாவம் இல்லையா? மறுநாளே சின்ன காஞ்சிபுரத்தில் என் இன்னொரு வீட்டில் குடியிருக்கிற நீலாம்பாளுக்குக் கொடுத்துவிட்டேன். தனிக்கட்டை, பாவம். அதனால்தான் கேட்கிறேன், நீங்கள் வாங்கி வைத்திருக்கிற என் போனைக் கொஞ்சம் கொடுங்கள், சார். அங்கேயும் கரண்ட் என் போனில்தான். நீங்கள் என் வீட்டுப் படி ஏறும்போதுதான் நிறுத்தியிருந்தேன். இவ்வளவு நேரமும் இந்த ஸ்டேஷனில் உங்கள் மேசைமேல் அடித்துக்கொண்டிருந்தது அந்த அம்மாதான். இப்போது கூப்பிடுவதை நிறுத்திவிட்டார்கள்.