மூடி போட்ட அன்னைக்கி

இல்ல தங்கச்சி, கழுத்து டியூப்புக்கு மூடி போட்டா மூச்சு நின்னுறாது. நீங்க இப்பிடி அழுதா ஒங்க மக நுஹா இன்னும் பயந்துக்கும். வாங்க, இந்தக் கதிரையில ஒக்காருங்க.

என்னா? ஆமா, ஜன்னலோரம் படுத்திருக்காளே சர்மிளா, அவளுக்கும் இதே டியூப்புதான். முந்தாநேத்து எடுத்துட்டாங்க. இப்ப கழுத்துல வெறும் துணிக்கட்டு. ஓட்டை தன்னால மூடிக்கிருமாம். அது வரைக்கும் பேசுறப்பவும் இருமுறப்பவும் கட்டு மேல வெரல வச்சு அமுக்கிக்கணும், அவ்வளவுதான்.

இல்ல, இவ எங்கயும் விழல. ஒங்க மகள அடிச்சது வேன். இவள அடிச்சது புருஷன். கிருஷாந்தன். குண்டசாலையில ஒரு ரூம் எடுத்து இருந்தாங்க. இவ வேல செய்யிற கடை முதலாளியோட போன்ல சிரிச்சுப் பேசுனாளாம். அதுக்கு, முடியப் புடிச்சுச் செவுத்துல மோதியிருக்கான். விழுந்தவ கழுத்துல சப்பாத்துக் காலோட ஏறி நின்னிருக்கான். கொரவள நொறுங்கிப் போச்சு. மொகமெல்லாம் நீலம், வாயில ரெத்த நொரை. பக்கத்து ரூம் ஆளுங்கதான் தூக்கியாந்தாங்க. கழுத்த வெட்டி டியூப்பப் போட்டுத்தான் உசிர நிறுத்துனாங்க.

பொலிசா? வந்தாங்க. இவ படியில உருண்டு விழுந்துட்டதா அவன் சொல்லிட்டான். நான் மடுல்கெல்லயில இருந்து ஓடியாந்து பார்க்கிறேன், கழுத்துல சப்பாத்துத் தடம் அப்பிடியே பதிஞ்சு கெடக்கு. படிக்கட்டு சப்பாத்தா போட்டிருக்கும்?

டியூப் போட்டவளுக்குப் பேச்சு வராதே. எழுதிக் காட்டலாம்தான். பேனையக் குடுத்தா கண்ண இறுக்கி மூடிக்குவா. அவன்தான் நல்ல புருஷனாட்டம் தலமாட்டுலயே நின்னானே.

அப்புறம் ஒரு நாள் மத்தியானம், ஆளுங்க வந்து பார்க்குற நேரம், நான் சுடுதண்ணி எடுத்துக்கிட்டு வர்றேன். அவன் குனிஞ்சு அவ காதுல என்னமோ சொல்ற மாதிரி நிக்கிறான். கிட்டப் போனா, பெருவெரல டியூப் வாயில வச்சு அமுக்கிக்கிட்டு, பேசுவியாடி, பேசுவியாடின்றான். அவளுக்குக் கத்த முடியாது தங்கச்சி. காலு ரெண்டும் கட்டில ஒதைக்குது, கண்ணு பிதுங்குது, தொண்டையில ஒரு சத்தம் இல்ல. சுத்தி அத்தன பேரு இருக்காங்க, ஒருத்தருக்கும் தெரியல.

கையில இருந்த சில்வர் பிளாஸ்க்கால அவன் வாயிலேயே போட்டேன். வெரல எடுக்கல. திரும்பப் போட்டேன். பிளாஸ்க் தொறந்துக்கிட்டு கொதி தண்ணி அவன் மூஞ்சியிலயும் கொட்டுச்சு, என் கையிலயும் கொட்டுச்சு. அலறிக்கிட்டு விழுந்தான். விழுந்தவனையும் நான் விடல. அட்டண்டன்மாரு வந்து என்னய இழுக்கிறப்போ அவன் வாயி பூரா ரெத்தம், முன்பல்லு ரெண்டு தரையில கெடக்கு. அந்தப் பக்கம் நர்ஸ் மிஸ்ஸி சளிய உறிஞ்சி, ஒக்சிஜன் குடுத்து அவள மீட்டாங்க. அவன பொலிஸ் கொண்டு போச்சு.

சரி, நீங்க கேட்டது மூடியப் பத்தி. டொக்டர் நப்லா மொதல்ல மூக்கு வழியா கமரா விட்டுப் பார்த்தாங்க. வீக்கம் வத்திருச்சு, வழி தொறந்திருக்குன்னாங்க. டியூப்பச் சுத்தி உள்ள ஒரு பலூன் இருக்குல்ல, அதுல இருக்க காத்த எடுத்துருவாங்க. அப்பத்தான் மூச்சு ஓரத்தால மேல வரும். அத எடுக்காம மூடுனாத்தான் மோசம். எடுத்துட்டு, வெரலால மூடிப் பார்ப்பாங்க.

வெரலு. நெனச்சுப் பாருங்க. டொக்டரோட கை கழுத்துக்கிட்ட வந்ததுதான் தாமசம், இவ ஒதைச்ச ஒதையில மருந்துத் தட்டு பறந்துச்சு. டொக்டர் கைய பல்லுப் பதியக் கடிச்சுட்டா, உறை கிழிஞ்சு ரெத்தம். மிஸ்ஸிமாரு அமுக்கிப் புடிக்க வந்தாங்க. யாரும் புடிக்காதீங்கன்னாங்க டொக்டர். கையக் கழுவிட்டு வந்து, ஒரு கண்ணாடியக் குடுத்து, நாங்க யாரும் தொட மாட்டோம், ஒன் வெரலால நீயே மூடு, மூச்சு முட்டுனா நீயே எடுத்துருன்னாங்க.

ரொம்ப நேரம் கண்ணாடியப் பார்த்து அழுதா. வெரல வச்சா, எடுத்தா, திரும்ப வச்சா. மூக்கால மூச்சு வந்துருச்சு தங்கச்சி! மூடியையும் அவளே போட்டுக்கிட்டா. விடிய விடிய வெரல்ல கிளிப்ப மாட்டி ஒக்சிஜன் பார்த்தாங்க, எறங்கவே இல்ல. சளியையும் அவளே இருமித் துப்புனா. அப்புறந்தான் டியூப்ப இழுத்தாங்க. நுஹாவுக்கும் அப்பிடித்தான், பக்கத்துலயே இருந்து பார்ப்பாங்க, முட்டுற மாதிரி தெரிஞ்சா ஒடனே மூடியக் கழட்டிருவாங்க.

மொதல்ல என்னா பேசுனாளா? மூடி போட்ட கையோட, என் கைக்கட்டப் பார்த்து, கரகரன்னு, அத்தே, கை எரியுதான்னு கேட்டா.

ஆமா, அத்தேன்னுதான். மகளா? இல்ல தங்கச்சி, மருமக. மாமியார வேற எப்பிடிக் கூப்புடுவா? அவன் நான் பெத்த புள்ள. திங்கக்கெழம கோர்ட்டு, மொதச் சாட்சி நான்தான். பால்பல்லு விழுந்தப்போ தோட்டத்து லயத்துக் கூரை மேல வீசிட்டு, என் புள்ளைக்கு நல்ல பல்லா மொளைக்கணும்னு கும்புட்டு நின்னவ நான். அந்தப் பல்லத்தான் ஒடச்சேன்.