முந்தின வெள்ளிக்கிழமை

உங்கள் அறையின் ட்யூப்லைட் துடிக்கிறது, இன்ஸ்பெக்டர். வெறும் கண்ணுக்குத் தெரியாது, காமிராவுக்குத் தெரியும். மூன்று நாளாக நீங்கள் தவறான ஆளைக் காவலில் வைத்திருக்கிறீர்கள் என்பதும் அப்படித்தான். சௌக்கத் அலி நல்ல குத்துச்சண்டை வாத்தியார். படத்துக்கு உதவாத மனிதர். எதற்கெடுத்தாலும் ஓய்வு என்பார். ஆனால் அடிபட்ட பெண்ணைத் தெரிந்தே ரிங்கில் ஏற்றியவர் அவர் அல்ல. தகவல் பிழை எனக்குப் பிடிக்காது.

இருபத்திரண்டு ஆண்டுகளாக விளையாட்டு ஆவணப்படம் எடுக்கிறேன். கிரிக்கெட் எல்லைக்கோட்டருகே வெயிலில் காமிரா பிடித்து இந்தத் தொழிலுக்கு வந்தவன். நானே இயக்கிய முதல் படம் காலடிப்பேட்டை பளுதூக்கும் வீரன் பீம்ராவைப் பற்றியது. அவன் முழங்கால் நடுங்குவதை லென்ஸ் வழியே நான்தான் முதலில் பார்த்தேன். அவனிடம் காட்டினேன். தேசியப் போட்டியிலிருந்து விலகிவிட்டான். இன்று காட்டுப்பள்ளித் துறைமுகத்துக்குக் கண்டெய்னர் லாரி ஓட்டுகிறான், நன்றாக நடக்கிறான், பொங்கலுக்கு வாழ்த்து அனுப்புகிறான். இறுதிப்போட்டி இல்லாத படத்தை யாரும் வாங்கவில்லை. அதன்பிறகு எடுத்ததைப் படம் முடியும்வரை யாருக்கும் காட்டுவதில்லை.

எழில்மொழிக்குப் பத்தொன்பது வயது. வியாசர்பாடி வாரியக் குடியிருப்பிலிருந்து ராயபுரத்துக்குப் பயிற்சிக்கு வருவாள். ஐஸ் கிடங்கின் மாடியில் வாத்தியாரின் கூடம். முதல் நாளே அவளுக்கு ஒரே மாதிரி நான்கு சிவப்பு பனியன் கொடுத்து, படம் முடியும்வரை வேறு நிறம் போடாதே என்றேன். எங்கள் தொழிலில் இது வழக்கம். எந்த நாள் எடுத்ததையும் எந்த நாளோடும் ஒட்டலாம்.

வெள்ளிக்கிழமை மதியம் வாத்தியார் தொழுகைக்குப் போவார். அவர் திரும்பும்வரை கயிறு தாண்டுவதுதான், ரிங்கில் கால் வைக்கக் கூடாது. ஆனால் அந்த நேரத்து வெளிச்சம் கூரைக் கண்ணாடி வழியே நேராக ரிங்கில் விழும். நான் கேட்டேன், அவளும் கூடப் பயிற்சி பெறும் வல்லரசுவும் ஏறினார்கள். முதல் வெள்ளிக்கிழமை அவள் தரையின் ஈரத்தில் வழுக்கி விழுந்து சிரித்தபடி எழுந்தாள். அடுத்த வெள்ளிக்கிழமை, அவளைவிடப் பதினைந்து கிலோ கூடுதலான வல்லரசுவின் வலது கை காதோரம் இறங்கியது. எழ நேரமாயிற்று.

"பேஜாரான அடி எழிலு. வாத்தியாராண்ட சொல்லிரலாம்," என்றான் வல்லரசு.

"நீ வாயத் தொற, உன் மூஞ்சி அட்ரஸ் இல்லாம பூடும். அடுத்த வாரம் சனிக்கெழம ஃபைனல் கீதுடா. ஜெயிச்சா ரயில்வேல வேலடா, கய்தே."

அன்று மாலை அவளைப் பேட்டி எடுத்தேன். விளக்கு கண்ணைக் கூசுகிறது என்றாள். திசை மாற்றி வைத்தேன். இரவு எடிட்டிங்கில் எண்ணிப் பார்த்தேன். ஒரு நொடிக்கு இருபத்தைந்து ஃபிரேம். நான் கேட்டு முடித்ததும் வழக்கமாகப் பத்துப் பன்னிரண்டு ஃபிரேமில் பதில் சொல்லிவிடுகிறவள், அன்று அறுபது எடுத்துக்கொண்டாள். அது என்னவென்று எனக்குத் தெரியும். இத்தனை ஆண்டுகளில் குத்து வாங்கிய பலரைப் படமெடுத்திருக்கிறேன். ஆனாலும் அந்த இடைவெளி எனக்குப் பிடித்திருந்தது. திரையில் அது சிந்தனை போலத் தெரிந்தது.

திங்கட்கிழமை அவள் அம்மா அம்மு கூடத்துக்கு வந்தாள். "வாத்தியாரே, சோறே எறங்கல. வாந்தி எடுத்துகினே கீது. வுழுந்தியாடின்னா வழுக்கிச்சாம்."

வாத்தியார் எழிலைக் கேட்டார். வழுக்கியதுதான் என்று அவளும் சாதித்தாள். அவர் என்னிடம் வந்தார். "நீ எடுத்துகினுதானே இருந்த, நைனா. போடு, பாப்போம்."

அடிபட்ட நாளையல்ல, அதற்கு முந்தின வெள்ளிக்கிழமையைப் போட்டேன். அதே பனியன், அதே வெளிச்சம், அதே வல்லரசு. அவள் வழுக்கினாள், சிரித்தாள், எழுந்தாள். வாத்தியார் இரண்டு முறை பார்த்தார். "நானில்லாதப்ப ரிங்குல இன்னாடா வேல?" என்று வல்லரசுவைக் கிழித்துவிட்டு, அம்முவிடம், "பயப்படாத தாயி, ஈரத்துல சறுக்கினுகீறா," என்றார். வல்லரசு என்னைப் பார்த்தான். பிறகு கயிற்றை எடுத்துக்கொண்டு நகர்ந்தான். அன்று நான் போட்டது வேறு நாள் என்று இப்போது சொல்கிறானாம், வாத்தியாரைக் காப்பாற்றப் புளுகுகிறான் என்று நீங்கள் எழுதி வைத்திருக்கிறீர்கள். காமிரா கார்டில் தேதி இருக்கிறது. அதைப் பார்க்க உங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை.

சனிக்கிழமை திருவொற்றியூர் அரங்கத்தில் இரண்டாவது சுற்றில் விழுந்தாள். அது பெரிய குத்துகூட இல்லை. தலைக்கவசத்தின் ஓரத்தில் பட்டது, அவ்வளவுதான். என் ஃபோகஸ் கலையவில்லை.

நான் அவளை அடிக்கவில்லை. சனிக்கிழமை ஏறு என்று சொல்லவும் இல்லை. அவள் விரும்பியது நடக்கக் குறுக்கே நிற்காமல் இருந்தேன். அவளை இவ்வளவு கவனமாகப் பார்த்தவர்கள் அவள் வாழ்க்கையில் வேறு யாரும் கிடையாது. மண்டையோட்டைத் திறந்து இரத்தத்தை எடுத்திருக்கிறார்கள். பன்னிரண்டு நாளாக நினைவு திரும்பவில்லை. தினமும் போகிறேன்.

நேற்று தீவிர சிகிச்சைப் பிரிவு வாசலில் அம்மு என் கையைப் பிடித்துக்கொண்டாள். "நீ எவ்ளோ பேரப் பாத்துகீற, நைனா. எம்பொண்ணு கண்ணு தொறந்துருமா?"

தெரியாதும்மா என்றேன். அது உண்மை. அதனால்தான் படத்துக்கு இரண்டு முடிவுகளையும் எடிட் செய்து வைத்திருக்கிறேன்.