ஆஸ்பத்திரி வாசலில் கானாக்காரர்

ஆவடியிலிருந்து பூந்தமல்லி போகும் பஸ். முன் சீட்டில் இரண்டு பேர், ஒருவர் மடியில் டோலக்கு. பின் சீட்டில் நான்; காதை மூடிக்கொண்டாலும் பேச்சு கேட்கும் தூரம்.

"என் மூஞ்சப் பாத்தாலே சீக்காளி பயந்துடுவாராம் நைனா," என்றார் டோலக்குக்காரர்.

"யாரு சொன்னது?"

"என் அக்காதான். மாமா ஆஸ்பத்திரில கீறாரு. பாக்கப் போனா வாசல்லயே நிறுத்திட்டா. சாவு ஊட்ல கானா பாடுறவன் உள்ள வரக் கூடாதாம்."

"உன் பாட்டுன்னா அவருக்கு உசுராச்சே?"

"தெருவுல யாரு செத்தாலும் என்னிய கூப்புடச் சொல்றதே அவருதான்."

"அக்கா வேற இன்னா சொல்லிச்சு?"

டோலக்குக்காரர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"அழுதுகினே சொன்னா. 'இப்ப வராதடா, நானே கூப்புடுறேன்'னு."