நாப்பதாயிரம் எடுத்தவன்

...அதான் கேக்கறேன் சார், ஒரு நத்தைக்கு யாராவது காதல் பட போஸ்டர் ஒட்டுவாங்களா? நீங்களே சொல்லுங்க. ஆங்... தலையை மட்டும் ஆட்டுங்க, காலை ஆட்டாதீங்க. மாவுக்கட்டு ஈரமா இருக்கறப்ப அசைச்சீங்கன்னா விரிசல் விட்டுரும், அப்புறம் பிரிச்சுட்டு முதல்லேர்ந்து சுத்தணும். கொஞ்சம் சூடா தெரியும். மாவு இறுகறப்ப அப்படித்தான், பயப்படாதீங்க. ஒரு பதினஞ்சு நிமிஷம். அதுக்குள்ள சொல்லி முடிச்சுருவேன்.

முதல்லேர்ந்து வரேன், அப்பதான் புரியும். என் வீட்டுக்காரியோட தம்பி, என் மச்சான், எங்க தெருவுலயே வாட்ச் ரிப்பேர் கடை வச்சிருக்கான். அதனால ஊரே அவனை மணின்னுதான் கூப்பிடும். சொந்தப் பேரைக் கேட்டா எனக்கே யோசிச்சாதான் வரும். ரெண்டு மாசம் முன்னாடி அவன் கடைப் பரணை ஒழிச்சப்ப ஒரு அட்டைப்பெட்டி கிடைச்சுதுன்னு தூக்கிட்டு வந்து என் மடியில வச்சான். உள்ள முப்பத்தேழு வீடியோ கேம் கேசட்டு. அவன் சின்ன வயசுல ஆடினது. குப்பையில போடறதா இருக்கேன் மாமா, உங்களுக்கு வேணுமான்னு கேட்டான்.

வேணுமாவாம். எனக்கு நாப்பத்தெட்டு வயசு சார். எங்க வீட்டுல அந்தக் காலத்துல அதெல்லாம் கிடையாது. எதுத்த வீட்டு ஜன்னல் கம்பியைப் பிடிச்சுட்டு நின்னு பாத்திருக்கேன், அவ்வளவுதான். அவங்க திரைச்சீலையை இழுத்துவிட்டா என் ஆட்டமும் முடிஞ்சுது. அந்தப் பெட்டியைப் பார்த்ததும் எனக்குத் தலைகால் புரியல.

சரி, கேசட்டு இருக்கு, அதைப் போட்டு ஆட மிஷின் வேணும்ல? அது எப்பவோ செத்துப்போச்சு. ஆனா எங்க டிவிக்குப் பின்னாடி ஒரு குட்டிப் பெட்டி இருக்கு. வீட்டுல இருக்கற சினிமா, பாட்டு, போட்டோ எல்லாத்தையும் அடுக்கி வச்சு டிவியில காட்டற சாஃப்ட்வேர் அதுல ஓடுது. அதுலயே கேமும் ஆடலாம்னு எங்கயோ படிச்சேன். கேசட்டுல இருக்கறதைக் கம்ப்யூட்டருக்கு இழுக்க ஒரு சின்னக் கருவி, பழைய மிஷின் மாதிரியே நடிக்கறதுக்கு ஒரு புரோகிராம். அவ்வளவுதான், அரை மணி நேர வேலைன்னு போட்டிருந்தான். அரை மணி நேரம்... எனக்குப் பதினோரு நாள் ஆச்சு.

முதல் தப்பு என்ன பண்ணேன், முப்பத்தேழு கேமையும் கொண்டுபோய் சினிமா இருக்கற இடத்துல வச்சுட்டேன். அந்த சாஃப்ட்வேருக்கு ஒரு குணம் சார், பேரைப் பார்த்தா போதும், அதுவா போய் இன்டர்நெட்டுல தேடி, போஸ்டரும் கதைச்சுருக்கமும் எடுத்துட்டு வந்து ஒட்டிரும். நம்ம நத்தை தபால்காரன் கேமுக்கு, ஜன்னல் ஓரமா ஒரு பொண்ணு லெட்டரை மார்போட அணைச்சுட்டு அழற போஸ்டர். செங்கல் அடுக்கற கேமுக்கு யாரோ கட்டட அதிபரோட வாழ்க்கை வரலாறு. எலியைப் பிடிக்கற கேமுக்கு எதைக் கொண்டுவந்துச்சுன்னு உங்ககிட்ட சொல்ல மாட்டேன், வீட்டுக்காரி பார்த்துட்டு என்னை ஒரு பார்வை பார்த்தா பாருங்க. அவ டிரைவிங் ஸ்கூல்ல கத்துக்குடுக்கறவ. அந்தப் பார்வைக்கு லாரியே ஓரம் கட்டும்.

அப்புறம் கேமுக்குன்னு தனி இடம் இருக்குன்னு கண்டுபிடிச்சு, ஒவ்வொண்ணா மாத்தி, அட்டைப்படத்தை எல்லாம் நானே போட்டோ எடுத்து ஒட்டினேன். அடுத்தது ஜாய்ஸ்டிக். திரையில ஜாய்ஸ்டிக் படம் வரும், ஒவ்வொரு பட்டனா மினுக்கும், மினுக்கறதை நாம அமுக்கணும். மூணாவதுல எனக்குத் தும்மல் வந்து ரெண்டு தடவை அமுக்கிட்டேன். அவ்வளவுதான், எல்லாம் ஒண்ணு தள்ளிப்போச்சு. மேல அமுக்கினா நத்தை வலது பக்கம் போகுது, குதின்னா ஆட்டத்தையே மூடிட்டு வெளிய வந்துருது. ரெண்டு நாள் நான் என்னமோ அந்த கேமே அவ்வளவு கஷ்டம் போலன்னு நினைச்சு மாறி மாறி அமுக்கிப் பழகி, நல்லாவும் ஆட ஆரம்பிச்சுட்டேன். சரிபண்ணினதும் பழகினதெல்லாம் வீணாப்போச்சு. 

கட்டைவிரலை லேசா அசைங்க... ம், நல்லா இருக்கு. உணர்ச்சி இருக்குல்ல? சரி.

அந்த நத்தை கேம்தான் சார் எனக்கு உயிர். அஞ்சு மாடி வீடு. நத்தை தோள்ல பையோட சுவத்துல ஏறிப்போய் ஒவ்வொரு ஜன்னல்லயும் லெட்டர் போடணும். மேலேர்ந்து ஒரு அம்மா உப்புத் தண்ணி ஊத்திட்டே இருப்பா. ஊத்தறதுக்கு முன்னாடி கூட்டுக்குள்ள போயிரணும். முதல் நாள் எண்ணூறு எடுத்தேன். ஒரு வாரத்துல பன்னெண்டாயிரம். ஆட்டம் முடிஞ்சதும் அதிகம் எடுத்தவங்க பட்டியல் வரும்ல, நமக்கும் மூணு எழுத்து போடச் சொல்லுவான். ஆர் ஏ ஜேன்னு போட்டேன், ராஜான்னு அர்த்தம். நம்மளை நாமதானே அப்படிச் சொல்லிக்கணும். அந்தச் சந்தோஷத்துல பட்டியல்ல வேற யாரு இருக்கான்னுகூடப் பாக்கல.

மறுநாள் சாயங்காலம் போட்டுப் பாக்கறேன், ராஜாவைக் காணோம். துடைச்சு எடுத்தாச்சு. மேல ஒரே ஒருத்தன் உக்காந்திருக்கான், எம் ஏ என், நாப்பதாயிரம்.

எம் ஏ என். யாரு? யோசிக்கவே வேண்டாம், மணி. கடைசி எழுத்துக்கு இடமில்ல, மூணுதான் போட முடியும். அவன்கிட்ட எங்க வீட்டுச் சாவி ஒண்ணு உண்டு. நாங்க ரெண்டு பேரும் வேலைக்குப் போயிருக்கறப்ப மத்தியானம் வந்து சாப்பிட்டுட்டு, சோபாவுல அரை மணி நேரம் கால் நீட்டிட்டுப் போவான். ஓகோ, கால் நீட்டறது இதுக்குத்தானான்னு எனக்குச் சுருக்குன்னு ஏறிருச்சு. நீ ஆடு, வேண்டாங்கல, உன் கேசட்டுதான். ஆனா என் பேரை எதுக்குடா அழிக்கறே? அதுவும் ஒரு நாள் இல்ல, தினமும். பதினெட்டாயிரம் எடுப்பேன், மறுநாள் இருக்காது. இருபத்தாறாயிரம் எடுத்தேன், கை வலிச்சுது சார், மறுநாள் இருக்காது. அவன் மட்டும் அங்கயே நாப்பதாயிரத்துல. ஒண்ணு கூடல, ஒண்ணு குறையல. அப்பவாவது எனக்கு உறைச்சிருக்கணும், இல்ல?

ஆனா நேரா கேக்க வெக்கம். நாப்பத்தெட்டு வயசு ஆள், நத்தை விளையாட்டுல என் பேரை அழிச்சுட்டேன்னு மச்சான்கிட்ட எப்படிச் சண்டை போடறது? அதனால என்ன பண்ணேன்னா... இதைச் சொல்லத்தான் எனக்குக் கூச்சமா இருக்கு... ஒரு நாள் காலையில அவன் கடைக்குப் போய், வீட்டுச் சாவியைக் குடுன்னேன். எதுக்கு மாமான்னான். சும்மா குடுன்னேன். கண்ணுல மாட்டியிருந்த பூதக்கண்ணாடியைக் கழட்டாமலே என்னைப் பார்த்தான். அப்புறம் வளையத்துலேர்ந்து சாவியைப் பிரிச்சு மேஜையில வச்சான். அதுலேர்ந்து மத்தியானம் கடையிலயே, வாட்ச் பெல்ட்டு மாட்டற ஸ்டாண்டுக்குப் பின்னாடி உக்காந்து சாப்பிட ஆரம்பிச்சுட்டான்.

வீட்டுக்காரிக்குத் தெரியாம இருக்குமா? அன்னைக்குச் சாயங்காலமே கேட்டா. "என் தம்பி நம்ம வீட்டுல என்ன திருடினான்?"

நான் என்ன சொல்வேன்? நான் பேசலைன்னதும் அவளும் நிறுத்திட்டா. ஒன்பது நாள் சார். ஒன்பது நாளும் வீட்டுல கை சிக்னல்தான். உள்ளங்கையைக் காட்டினா நில்லு. கையை வீசினா நகரு. காப்பி வேணுமான்னு கேட்டா இடது பக்கம் திரும்பிப் போயிருவா. வண்டி ஓட்டக் கத்துக்க வர்றவங்க மேல எனக்கு அப்பதான் பரிதாபம் வந்துச்சு.

சாவியை வாங்கியாச்சு, இனிமே எவன் அழிக்கறான் பாத்துருவோம்னு ராத்திரி பூரா ஆசை ஆசையா இருந்தேன். மறுநாளும் ராஜாவைக் காணோம். மணி அங்கயேதான் இருக்கான். சரி, ரெண்டாவது சாவி அடிச்சு வச்சிருக்கான் போலன்னு எனக்கு இன்னும் வெறி. போன செவ்வாய்க்கிழமை எனக்கு மத்தியானத்துக்கு மேலதான் டியூட்டி. காலையில உக்காந்தேன். என்ன நடந்துச்சுன்னே தெரியல சார், அன்னைக்கு அந்த நத்தைக்கு ரெக்கை முளைச்ச மாதிரி. உப்புத் தண்ணி ஒரு சொட்டு படல. நாப்பத்தோராயிரத்து முன்னூறு. எம் ஏ என் கீழ போயிட்டான், ராஜா மேல. ஹால்ல யாருமில்லாம நான் மட்டும் நின்னு கை தட்டினேன்.

அப்புறம் ஒரு யோசனை வந்துச்சு. ஜாய்ஸ்டிக்கைக் கழட்டி, டிவி ரிமோட்டையும் எடுத்து, ரெண்டையும் சாப்பாட்டுப் பையில போட்டுட்டேன். எல்லா சுவிட்சையும் அணைச்சேன். வீட்டைப் பூட்டினேன், இழுத்துப் பார்த்தேன். அன்னைக்கு இந்த ரூம்லதான், இதோ இந்த மேஜைக்கு அடியில இருந்துச்சு அந்தப் பை. எட்டு கால், மூணு கை கட்டினேன். ஒவ்வொரு கட்டுக்கு நடுவுலயும் குனிஞ்சு பார்த்துக்கிட்டேன்.

வீட்டுக்குப் போய் ஜாய்ஸ்டிக்கை மாட்டிப் போட்டா... எம் ஏ என், நாப்பதாயிரம். ராஜா இல்ல.

எனக்கு முதல்ல பேயோன்னு தோணுச்சு. ஆட்டக் கருவி என் பையில, சாவி என் இடுப்புல, எவன் வந்து ஆடினான்? அப்படியே சுவிட்சை அணைச்சுட்டு உடனே போட்டேன். எம் ஏ என். இன்னொரு தடவை அணைச்சுப் போட்டேன். எம் ஏ என். அஞ்சு தடவை. அப்பதான் சார் மண்டையில ஏறுச்சு. அந்த நாப்பதாயிரத்தை யாரும் எடுக்கல. அது கேசட்டோடயே வர்றது. கேம் பண்ணவன் சும்மா போட்டு வச்ச எண்ணு, சும்மா போட்டு வச்ச எழுத்து. நிறுத்திட்டுப் போட்டா எல்லாம் பழையபடி ஆயிரும். நாம எடுக்கறது அதுல தங்கவே தங்காது. தினமும் படுக்கறதுக்கு முன்னாடி வீடு பூராச் சுத்தி ஒரு சுவிட்சு விடாம அணைக்கறவன் யாரு? நான். ராஜாவை அழிச்சது ராஜாதான்.

தரையில உக்காந்து சிரிச்சேன் பாருங்க, வயிறு பிடிச்சுக்குச்சு. வீட்டுக்காரி உள்ளங்கையைக் காட்டிட்டே வந்தா, நான் நிறுத்தல. ஒன்பது நாளுக்கு அப்புறம் வாயைத் திறந்து என்னய்யா ஆச்சுன்னு கேட்டா. சொன்னேன், எல்லாத்தையும் சொன்னேன். அவ சிரிக்கல. செருப்பை மாட்டிட்டு, வான்னா.

ரெண்டு பேருமா கடைக்குப் போனோம். மணி ஷட்டர் இறக்கப் போறான். சாவியை அவன் மேஜையில வச்சேன். ஏன் வாங்கினேன்னு சொல்றதுக்குள்ள எனக்கு நாக்கு நாலு தடவை குழறிருச்சு. அவன் கேட்டுட்டே இருந்தான். ஒரு வாட்ச்சைத் துடைச்சு வச்சான், இன்னொண்ணைத் துடைச்சான். அப்புறம் மெதுவா சொன்னான்.

"மாமா, அந்த விளையாட்டுல நான் நாலாயிரத்தைத் தாண்டினதே இல்ல. அதனாலதான் பரண்ல போட்டேன்."

எனக்குக் கண்ணு கலங்கிருச்சு சார். இவனையா சந்தேகப்பட்டோம்னு ஒரு பக்கம். இன்னொரு பக்கம், இவனைவிட நான் பத்து மடங்கு பெரிய ஆட்டக்காரன்னு... அந்த நேரத்துலயும் அது உள்ள குறுகுறுங்குது, என்ன பண்ண. நெசமாவே நாப்பதாயிரத்தைத் தாண்டினீங்களான்னு அவன் கேட்டான். தாண்டினேன்னேன். காட்டுங்கன்னான். காட்ட எதுவும் இல்லையே, நான்தான் அணைச்சுட்டேனே. அதைச் சொன்னதும் அவனுக்கு அடக்க முடியல. மேஜை மேல கவுந்துட்டான். அவன் சிரிச்சதும் நானும். பக்கத்துக் கடைக்காரரு ஏதோ ஆயிருச்சுன்னு ஓடி வந்துட்டாரு. மறுநாள் மத்தியானம் சோபா மறுபடி அமுங்கியிருந்துச்சு. அதைப் பார்த்ததும் எனக்கு அப்படி ஒரு நிம்மதி.

தட்டிப் பாக்கறேன்... டொக் டொக்னு கேக்குதா? இறுகிருச்சு. எழுந்துராதீங்க, இருங்க, தள்ளுவண்டி வரும். இன்னும் ஒரே ஒரு விஷயம்.

வீட்டுக்காரி என்னை அவ்வளவு சீக்கிரம் விடல. ஒரு தண்டனை போட்டா. என் தம்பி ஒன்பது நாள் ஸ்டாண்டுக்குப் பின்னாடி ஒளிஞ்சு சாப்பிட்டான், நீ ஒன்பது பேர்கிட்ட இந்தக் கதையை உன் வாயாலயே சொல்லணும், ஒண்ணும் மறைக்காம. சொன்னதுக்கு அத்தாட்சி வேணும்னுட்டா. நீங்க அஞ்சாவது ஆளு சார். நேத்து ஒருத்தரு முழங்கையோட வந்தாரு, பாதியிலயே எழுந்து போயிட்டாரு, அது சேராதாம். அதனாலதான் இன்னைலேர்ந்து கால் உடைஞ்சவங்களா பார்த்து நானே கேட்டு வாங்கிக்கறேன்.

இந்தாங்க பேனா. இந்தச் சீட்டுக்குப் பின்னாடி ஒரு கையெழுத்து மட்டும் போட்டுக் குடுங்க... என்ன சார் அப்படிப் பாக்கறீங்க? கட்டு கால்லதானே, கை நல்லாத்தானே இருக்கு.