கலர் பென்சில் அபராதம்

மேடையில் வீற்றிருக்கும் நீதிபதிப் பெருமக்களே, அம்மையாரின் கணவரே, எதிரெதிரே நின்று மோதியே பழகி இன்று ஒரே பக்கமாய் அமர்ந்திருக்கும் வழக்கறிஞர் நண்பர்களே, நம் குடும்பநல நீதிமன்றத்தின் படியேறி இறங்கிய தாய்மார்களே, தந்தைமார்களே! கனத்த நெஞ்சோடு உங்களை வணங்குகிறேன்.

நீதிபதி அம்மையார் போய்விட்டார். நம் 'கலர் பென்சில் அம்மா' போய்விட்டார்! அந்தப் பட்டப்பெயரை அவர் காதுபடவே சொல்லியிருக்கிறோம். சிரிப்பாரே தவிர, ஒருநாளும் கோபித்துக்கொண்டதில்லை. அந்தப் பெயர் எப்படி வந்தது? இங்கே பலருக்குத் தெரியாது.

அன்று நான் ஒரு தந்தைக்காக ஆஜரானேன். ஆறு வயது மகள் யாரிடம் வளர்வது என்பது வழக்கு. தந்தை அவளைப் பார்க்கவே கூடாது, குழந்தைக்கே அவரைப் பிடிக்காது என்று தாய் தரப்பு ஒற்றைக் காலில் நின்றது. அம்மையார் கறுப்பு அங்கியைக் கழற்றி நாற்காலியில் போட்டுவிட்டுக் குழந்தைகள் அறைக்கு நடந்தார். அந்த அறையை மறப்போமா? பழைய கோப்புகளை வெளியேற்றி, சண்டை போட்டு வாங்கிய அறை! கால் உடைந்த மரக்குதிரைக்குப் பக்கத்தில், குட்டி நாற்காலியில், முழங்கால் முகவாயில் இடிக்க உட்கார்ந்தார். தாய், தந்தை, வழக்கறிஞர்கள் என நாங்கள் எல்லோரும் கதவோரம் நின்றோம்.

"யாரு கூட வந்தே, கண்ணு?"

"அம்மா கூட."

"அதோ, அங்க நிக்கிறது யாரு?"

"எதிர்மனுதாரர்."

எங்களுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவர் சிரிக்கவில்லை.

"எதிர்மனுதாரர் உனக்கு என்னல்லாம் செய்வாரு?"

"சடை பின்னுவாரு. கோணலா இருக்கும். ஆனா வலிக்காது."

"அவரை வேற மாதிரி கூப்பிடலாமே?"

"அப்பான்னு சொன்னா அம்மா அழுவாங்க."

அதற்குமேல் என்ன வாதம் இருக்கிறது, சொல்லுங்கள்! தாய் ஓடிவந்து மகளின் முன்னால் மண்டியிட்டார். "நான் அழமாட்டேன்டா, சொல்லு" என்றார். அழுதுகொண்டேதான் சொன்னார். குழந்தை அவர் முகத்தை நன்றாகப் பார்த்துக்கொண்டு, பிறகுதான் "அப்பா" என்றாள். என் கட்சிக்காரர் எதற்கும் அசையாத கல்லுளிமங்கன். அவர் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

பள்ளி நாட்களில் தாய் வீடு, வார இறுதியில் தந்தை வீடு என்று தீர்ப்பானது. மறுநாள் காலை எங்களுக்கும் ஒரு தீர்ப்பு வந்தது.

"இனிமே இங்க மனுதாரரும் வேணாம், எதிர்மனுதாரரும் வேணாம். பிள்ளையோட அம்மா, பிள்ளையோட அப்பா. வாய் தவறினா அந்த ரூமுக்கு ஒரு பெட்டி கலர் பென்சில்!"

நாக்குப் பழக்கம் லேசில் விடுமா? வரிசையாக மாட்டினோம். எதிர்க் கடைக்காரர் எங்கள் புண்ணியத்தில் மாடி கட்டிவிட்டார் என்று கேலி பேசினோம். ஒருநாள் அம்மையாரே தவறிச் சொல்லிவிட்டு, சட்டென்று நாக்கைக் கடித்துக்கொண்டார். மதிய இடைவேளையில் குடையைப் பிடித்துக்கொண்டு தாமே போய்ப் பென்சில் வாங்கி வந்தார். அந்தச் சிரிப்பொலி கேட்ட கூடத்துக்குள் இனி எப்படி நுழையப்போகிறேன்!

நண்பர்களே, அந்த விதி எந்தச் சட்டத்திலும் இல்லை. அவர் நாவில் இருந்தது. இனி நம் நாவில்தான் இருக்க வேண்டும். நாளை அந்த இருக்கைக்கு வருபவர் நம்மைத் திருத்தலாம், கண்டிக்கலாம். இருந்தாலும் 'பிள்ளையின் அப்பா' என்றே சொல்வோம், 'பிள்ளையின் அம்மா' என்றே சொல்வோம்! தவறினால், கேட்க ஆளில்லாவிட்டாலும் பென்சில் வாங்குவோம்! இது உறுதி!

அந்தச் சிறுமி வளர்ந்துவிட்டாள், இங்கேதான் இருக்கிறாள். தாய் முன்வரிசையில், தந்தை கடைசி வரிசையில். இருவருக்கும் இன்றுவரை பேச்சுவார்த்தை இல்லை. அதை நம் அம்மையாராலும் சரிசெய்ய முடியவில்லை. ஆனால் நான் பேசத் தொடங்கியபோது தாயின் தோளில் சாய்ந்திருந்தவள், இப்போது தந்தையின் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறாள். எழுந்து போகும்போது அவள் யாரிடமும் அனுமதி கேட்கவில்லை.

நீங்கள் பார்த்திருக்க வேண்டும், அம்மா. போய் வாருங்கள்.